எண்கள் சொன்ன வாய்

பத்தரை மணிக்கு வரச் சொல்லியிருந்தார்கள், பத்துக்கு முன்பே வந்து உட்கார்ந்துவிட்டோமே என்று செலஸ்தீனுக்குத் தன் மேலேயே எரிச்சலாக இருந்தது. முன்னால் வருகிறவளுக்குத் தேவை இருக்கிறது என்று அர்த்தம். தேவை இருப்பதைக் காட்டிக்கொள்கிறவளை ரோம் நகரத்தில் எவரும் நிமிர்ந்து பார்ப்பதில்லை. ஐம்பது வருஷம் இந்த ஊரில் இருந்தும் இந்தச் சின்ன விஷயம் அவளுக்குப் படியவில்லை. ஒலிப்பதிவுக் கூடத்தின் நடை ஜன்னல் இல்லாமல் நீண்டு கிடந்தது, சுவரோரம் ஐந்து நாற்காலிகள், பல் பிடுங்கக் காத்திருக்கிற இடம் மாதிரி. எதிரே கனமான கதவு, கதவுக்கு மேல் சிவப்பு விளக்கு. விளக்கு எரிந்தால் உள்ளே யாரோ பேசுகிறார்கள் என்று அர்த்தம். இப்போது எரிந்துகொண்டிருந்தது. மடியில் கைப்பை, பைக்குள் நான்கு தாள்கள், நான்கு தாள்களில் ஏழு நிமிஷத்துக்கு உண்டான பேச்சு. மூன்று வாரமாக அடுப்பங்கரையில் நின்று அந்த ஏழு நிமிஷத்தைச் சொல்லிச் சொல்லிப் பார்த்தாயிற்று. காப்பி பொங்கி வழிந்தது, சொன்னாள். மேல் வீட்டுக்காரி தரையைத் தட்டினாள், சொன்னாள். இத்தாலிய 'ர' மட்டும் ஒவ்வொரு தரமும் நாக்கில் முள்ளாக நின்றது. எழுபத்தைந்து வயதில் ஒரு எழுத்தோடு மல்லுக்கட்டுகிற பெண்ணைப் பற்றி யார் என்ன நினைப்பார்கள் என்று யோசித்தாள். யாரும் எதையும் நினைக்கப்போவதில்லை என்பதுதான் பதில், அதுவே இன்னும் கசப்பாக இருந்தது.

அவளுடைய ஏழாவது படம், பாலைவனத்து விதவையாக நடித்தது, ஏதோ ஒரு கிடங்கின் ஈரத்தில் இத்தனை காலம் கிடந்து இப்போது வெளியே வந்திருக்கிறது. படம் பிழைத்துவிட்டது. நான்காவது சுருளில் ஏழு நிமிஷத்துக்கு ஒலி மட்டும் அழிந்துபோனது. செப்டம்பரில் பெரிய விழா ஒன்றில் திரையிடப்போகிறார்கள். படத்தைச் சீராக்குகிற மனியேரோ என்கிறவன், நாற்பது வயதிருக்கும், நல்ல பிள்ளை, போன் பண்ணி மேடைக்கு வர முடியுமா என்று கேட்டான். அவள் ஒரு நிபந்தனை போட்டாள். அந்த ஏழு நிமிஷம் என் குரலில் இருக்கட்டும், வருகிறேன். மறுமுனையில் தாள் புரளுகிற சத்தம். பிறகு, "பேசிப் பாக்கலாம் சின்யோரா, லொரெதானா அம்மாவையும் வரச் சொல்றேன், ரெண்டையும் கேட்டுட்டு முடிவு பண்ணலாம்" என்றான். லொரெதானா. பதினோரு படத்திலும் இவள் முகத்துக்குள்ளிருந்து பேசியவள். ஒரே பெண்ணை இரண்டு பேராகச் சேர்ந்து செய்திருக்கிறார்கள், ஆனால் ஒருவரோடொருவர் உட்கார்ந்து ஒரு கோப்பை காப்பி குடித்ததில்லை. அவள் ஒலிப்பதிவுக்குப் போகிற மாதத்தில் இவள் அடுத்த படப்பிடிப்பில் இருப்பாள். வழியில் இரண்டு தரம் கை குலுக்கியதுண்டு. அவ்வளவுதான்.

யாரையும் குற்றம் சொல்லவும் முடியாது, அங்கே வழக்கமே அதுதான். படம் பிடிக்கும்போது ஒலியைப் பிடிக்க மாட்டார்கள். கேமரா ஓடிக்கொண்டிருக்க, பக்கத்தில் தச்சன் அடுத்த காட்சிக்கு ஆணி அடித்துக்கொண்டிருப்பான், இயக்குநர் பெல்லூச்சோ ஒலிபெருக்கியில் கத்துவார், அழு, இன்னும் அழு, போதும், திரும்பு. கதாநாயகன் ஜெர்மன்காரன், ஜெர்மனில் பேசுவான். வில்லன் நேப்பிள்ஸ்காரன், பசி வந்தால் வசனத்துக்குப் பதிலாகச் சாப்பாட்டுப் பேரைச் சொல்லுவான். எல்லாவற்றுக்கும் பிறகு ரோமில் ஒரு இருட்டறையில் நல்ல குரல்காரர்களை வைத்து நல்ல இத்தாலியனில் ஊற்றிவிடுவார்கள். முதல் நாள் அவள் வசனத்தை மனப்பாடம் செய்துகொண்டு போனாள். பெல்லூச்சோ சிரித்தார். "எதுக்கம்மா இந்தப் பாடு? வாய் அசைஞ்சாப் போதும். எண்ணு. கோவம்னா ஒண்ணுலேருந்து வேகமா. காதல்னா இருவதுலேருந்து மெதுவா. துக்கம்னா நூறுலேருந்து பின்னாடி வா." அவளும் எண்ணினாள். இத்தாலியனில் எண்ணினால் தடுக்கியது, பிரெஞ்சில் எண்ணினால் உதடு கூம்பிப் பார்க்க அழகாயில்லை என்றார்கள். கடைசியில் தமிழில் எண்ணினாள். பாண்டிச்சேரியில் கன்னியர் பள்ளிக்கூடத்தில் பிரம்புக்குப் பயந்து சொன்ன அதே எண்கள். அபிசீனிய அரசியாக எண்ணினாள், அரபு அடிமையாக எண்ணினாள், பிரேசில் நாட்டு உளவுக்காரியாகக் கையில் துப்பாக்கியோடு எண்ணினாள். இந்தியாக்காரியாக ஒரே ஒரு படம், அதில் முதல் பத்து நிமிஷத்திலேயே புலி அடித்துக் கொன்றுவிட்டது. முப்பத்தாறு சொன்னால் வாய் விரிந்து பல் தெரியும், அது பிடிவாதம். நாற்பதில் ஒரு மென்மை உண்டு, முத்தத்துக்கு முன்னால் நாற்பதில் வந்து நிற்கிற மாதிரி கணக்குப் போட்டு முப்பத்திரண்டில் ஆரம்பிப்பாள். இன்றைக்கும் அப்படித்தான். தம்பி இறந்த செய்தி வந்த அன்று கண்ணீர் வரவில்லை, உள்ளே யாரோ தொண்ணூற்றொன்பது, தொண்ணூற்றெட்டு என்று இறங்கிப் போய்க்கொண்டிருந்தார்கள். மனிதர்களுக்குத் துக்கம் என்று ஒன்று வருமே, அது எனக்கு வந்ததா, இல்லை நூறிலிருந்து பின்னால் வருவது மட்டும்தானா.

சிவப்பு விளக்கு அணைந்து மறுபடி எரிந்தது. உள்ளே வேறு ஏதோ படம், வேறு யாரோ. தொண்டை காய்ந்தது. தண்ணீர் குடித்தால் நடுவில் எழுந்து போகவேண்டி வரும், குடிக்காவிட்டால் 'ர' ஒட்டிக்கொள்ளும். அசையாமல் உட்கார்ந்திரு. அசையாமல் இருக்க மட்டும் அவளுக்கு யாரும் கற்றுத்தர வேண்டியதில்லை. பத்தொன்பது வயதில் பாரீஸில் ஒரு துணி மாளிகையில் மாடலாகச் சேர்ந்தாள். படத்துக்கு நிற்கிற மாடல்கூட அல்ல முதலில், உடம்பில் துணியைப் போர்த்தி ஊசி குத்தித் தைத்துப் பார்க்கிறதற்கு நிற்கிற மாடல். காலை எட்டு முதல் மதியம் ஒன்று வரை. ஊசி தோலில் இறங்கினாலும் மூச்சு மாறக் கூடாது, மூச்சு மாறினால் மடிப்பு மாறிவிடும். தையல் தலைவி வாயில் பத்து குண்டூசிகளைக் கடித்துக்கொண்டு, "இந்தப் பொண்ணுக்கு வாயே கெடையாது, தங்கம்" என்று எல்லாரிடமும் சொல்லுவாள். அதைப் பாராட்டு என்று எடுத்துக்கொண்டு சாயங்காலம் வீட்டில் வந்து சொன்னாள். அப்பா பிரெஞ்சுப் பட்டாளத்தில் சைகோன் வரை போய்ப் பென்ஷனோடு வந்தவர், தலையை ஆட்டினார். அம்மா மட்டும், "வாய் இல்லாதது ஒரு பெருமையாடி" என்றாள். பிறகு மிலானில் மதுபான விளம்பரம், சுவர் சுவராக அவள் முகம், கையில் கண்ணாடிக் கோப்பை. அந்தச் சுவரைப் பார்த்துத்தான் பெல்லூச்சோ ஆளனுப்பினார். செலஸ்தீன் என்ற பேர் கன்னியாஸ்திரி பேர் மாதிரி இருக்கிறது என்று சொல்லி, ஸைரா நோவா என்று வைத்தார்கள். முகம் அவளுடையது, பேர் தயாரிப்பாளருடையது, குரல் லொரெதானாவுடையது.

அம்மா ஒரே ஒரு படம்தான் பார்த்தாள். பாரீஸுக்கு வெளியே சார்செலில் இருந்தார்கள் அப்போது, அங்கே ஒரு கொட்டகையில் இந்த விதவைப் படம் ஓடியது. அம்மாவுக்கு இத்தாலியனும் தெரியாது, கீழே ஓடுகிற பிரெஞ்சு எழுத்தும் படிக்க வராது. அதனால் வாயையே பார்த்துக்கொண்டு உட்கார்ந்திருக்கிறாள். வெளியே வந்து பஸ் நிறுத்தத்தில் நிற்கும்போது கேட்டாள். "ஏண்டி செலி, புருசன் செத்துக் கெடக்கறான், நீ என்னா நடுவுல ஒக்காந்து அம்பத்தாறு அம்பத்தேழுன்னு எண்ணிக்கிட்டிருக்க?" பஸ் நிறுத்தத்தில் இரண்டு பேரும் வயிறு வலிக்கச் சிரித்தார்கள். சிரித்து முடித்து அம்மா முந்தானையால் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "ஒரு எடத்துல பொலபொலன்னு உண்மையாவே அழுதியே, அப்ப எந்த நம்பர்?" என்று கேட்டாள். ஞாபகமில்லை என்று சொன்னாள். ஞாபகம் இருந்தது. அந்த இடத்தில் அவள் எண்ணவில்லை. அந்த வாரம்தான் ஒரு பிள்ளையைக் கலைத்துவிட்டு வந்திருந்தாள், ஒப்பந்தத்தில் கர்ப்பம் கூடாது என்று ஒரு வரி இருந்தது. சத்தம் பதிவாகாது என்ற தைரியத்தில், இருநூறு பேர் நடுவில், கேமராவுக்கு நேராக அதைத் தமிழில் சொல்லிவிட்டாள். ஒருவருக்கும் கேட்கவில்லை. ஆறு மாதம் கழித்து லொரெதானா அதே வாயில், 'என் ராஜாவே, உன் குதிரை திரும்பி வந்துவிட்டது' என்று அழுதாள். இத்தாலி முழுக்கக் கூட அழுதது.

அதிலிருந்துதான் அந்தக் குரல் மேல் இந்த வெறுப்பு என்று ஒரு காலத்தில் நினைத்திருந்தாள். அப்படி அழகாக ஒரே இடத்திலிருந்து எதுவும் வருவதில்லை. சந்தையில் தக்காளிக்காரன் உற்றுப் பார்ப்பான், கண் விரியும், "ஸைரா நோவா!" என்பான். அவள் வாயைத் திறந்து அரை கிலோ என்பாள். அவன் முகம் அணைந்துவிடும். மன்னிச்சுக்குங்க, ரொம்ப அவங்க சாயல் உங்களுக்கு. ஒரு தடவையா, இருபது தடவையா. பிறகு விரலைக் காட்டி வாங்கப் பழகிக்கொண்டாள். முப்பத்தொரு வயதில் புதுக் காலத்து இயக்குநர் ஒருவன், படப்பிடிப்பிலேயே குரலையும் பதிகிறவன், ஒரு பக்க வசனத்தைக் கொடுத்துப் பேசச் சொன்னான். பாதியில் கை உயர்த்தினான். "முகம் அரண்மனையில இருக்கு, குரல் படகுத்துறையில இருக்கு" என்றான். சுற்றியிருந்தவர்கள் சிரித்தார்கள், அவளும் சிரித்தாள், இதுதான் இன்னமும் சுடுகிறது, அவளும் சிரித்தது. அதற்குப் பிறகு யாரும் கூப்பிடவில்லை. கைக்குப் பூசுகிற களிம்பு விளம்பரத்தில் மணிக்கட்டு வரை வந்தாள். பிறகு முப்பது வருஷம் ஒரு கைப்பைக் கடை. இத்தனைக்கும் இந்த ஏழு நிமிஷம் பதிலாகிவிடுமா. ஆகாது. ஆனால் தன் வாயிலிருந்து தன் சத்தம் ஒரே ஒரு முறை வெளியே வந்துவிட்டால், செத்தபிறகு யாராவது அதைப் போட்டுப் பார்த்தால், அவள் இருந்தாள் என்று ஆகிவிடும். இல்லையென்றால் இருந்தது யார்?

"இன்னும் உயிரோடதான் இருக்கியா நீ." குரல் நடையின் கோடியிலிருந்து முன்னால் வந்தது, ஆள் பின்னால் வந்தாள். குள்ளமாக, பருமனாக, கறுப்புக் கண்ணாடி, எண்பத்திரண்டு வயது, சுவரோரமாகவே வந்தாள். குரலுக்கு மட்டும் வயதில்லை. செலஸ்தீனின் முதுகில் ஒன்று சிலிர்த்தது, தன்னையே யாரோ பின்னாலிருந்து கூப்பிட்டது போல.

"நீயும்தான் இருக்க" என்றாள்.

"எனக்கென்ன. ரெண்டு புருசனைத் தூக்கிப் போட்டாச்சு. மூணாவது ஒருத்தன் வந்தான், என் குரலுக்காக வந்தவன், என்னைப் பாத்ததும் பஸ்ஸைப் பிடிச்சுப் போயிட்டான்." லொரெதானா பக்கத்து நாற்காலியில் பொத்தென்று உட்கார்ந்தாள். "என்னமோ நிபந்தனை போட்டியாமே."

"என் வாய், நான் பேசணும்னு கேட்டேன்."

"கேட்டா தப்பில்ல. ஆனா உன் வாய்க்கு நான் பட்ட பாடு உனக்குத் தெரியாது. மத்தவ எல்லாம் நல்லபடியா வாயைத் திறந்து மூடுவாளுக. நீ என்னத்தைத்தான் சொல்லித் தொலைச்சியோ, நாலு சொல்லுக்கு ஒரு தரம் உதடு ஒட்டிக்கும். எழுதிக் குடுத்தது உட்காராது."

"எண்ணிக்கிட்டிருந்தேன். எங்க ஊர் பாஷையில."

"எண்ணிக்கிட்டா?" லொரெதானா வாய்விட்டுச் சிரித்தாள், சிரிப்பு இருமலாயிற்று. "அட பாவி. கொலைகாரன் உன் கால்ல விழறானே, அங்க என்ன?"

"ஐம்பத்தொன்பது, அறுபது."

"அங்க எழுதியிருந்தது ஒரே சொல்லு, மாட்டேன்னு. உன் வாயோ நீளமாப் போகுது, மூணு எடத்துல ஒட்டுது. நாள் முழுக்க உக்காந்து, ஒட்டற எடத்துல ஒட்டற எழுத்தாத் தேடி நான் போட்டது அந்த வரி."

அந்த வரி. மன்னிக்கிற வயதை நான் தாண்டிவிட்டேன். டாக்ஸிக்காரர்கள் சொல்லுகிற வரி, பெண்டாட்டிகள் புருஷன்மாரிடம் விளையாட்டுக்குச் சொல்லுகிற வரி, ஒரு பழைய பத்திரிகையில் அவள் படத்துக்குக் கீழே அவளே சொன்னது மாதிரி போட்டிருந்த வரி. அவளுடைய ஐம்பத்தொன்பதும் அறுபதும் உதட்டை ஒட்டிய இடங்களில் முளைத்தது. அப்படியானால் அதில் எனக்கும் பங்கு உண்டு. சந்தோஷப்படலாமா என்று யோசித்தாள். யோசித்துப் பார்த்துத்தான் தெரிந்துகொள்ள வேண்டும் என்கிற நிலையில் சந்தோஷம் எங்கே இருக்கப்போகிறது. இவ்வளவு காலம் சொல்லவில்லையே இவள். கேட்கவும் இல்லையே நான்.

சிவப்பு விளக்கு அணைந்தது. மனியேரோ கதவைத் திறந்து, இரண்டு பேருக்கும் குனிந்து வணக்கம் சொல்லி, "சின்யோரா செலஸ்தீன், முதல்ல நீங்க" என்றான். இருட்டறை. ஒலிவாங்கி, பக்கத்தில் சின்ன விளக்கு, கண்ணாடிக்கு அப்பால் ஒலிப்பதிவாளரின் வழுக்கைத் தலை. திரையில் அந்தப் பெண் வந்தாள். இருபத்தாறு வயது, நெற்றியில் மணல், கழுத்து நரம்பில் துடிப்பு. சத்தமில்லாமல் வாயைத் திறந்தாள். செலஸ்தீனும் திறந்தாள். முதல் தடவை பிந்தியது, இரண்டாவது தடவை முந்தியது. மூன்றாவது தடவையில் உடம்பு புரிந்துகொண்டது. தாளைப் பார்க்கவில்லை. 'ர' தானாக உருண்டு போயிற்று. ஏழு நிமிஷமும் ஒரே மூச்சு. மனியேரோ உள்ளே வந்தான், அவன் கண் ஈரமாக இருந்தது, பொய் இல்லை. "எனக்குச் சம்மதம் சின்யோரா. இதையே வெச்சுக்கலாம். ஒரு தரம் போட்டுக் காட்டறேன், கேளுங்க."

போட்டார்கள். அவள் காத்திருந்தாள், உள்ளே ஏதோ ஒன்று எழுந்து வரும் என்று. திரையில் அந்தப் பெண் உதட்டைப் பிரித்தாள், உள்ளிருந்து ஒரு கிழவி பேசினாள். கரகரவென்று, கவனமாக, மூன்று வாரம் அடுப்பங்கரையில் ஒத்திகை பார்த்தது தெரிகிற மாதிரி. யார் இது. அந்தப் பெண்ணின் தொண்டைக்குள் எப்படி நுழைந்தாள். என் குரல், என் குரல் என்று தனக்குத்தானே சொல்லிப் பார்த்தாள், சொல்லச் சொல்லத் திரையில் இருந்தவள் விலகிக்கொண்டே போனாள். ஐம்பது வருஷமாக அவளும்தானே கொட்டகையில் உட்கார்ந்து லொரெதானாவைக் கேட்டிருக்கிறாள். தனிமையில் தனக்குத்தானே பேசிக்கொள்ளும்போதுகூட உள்ளே ஓடுவது எந்தக் குரல் என்று இன்று வரை கவனித்ததில்லை, இப்போது கவனித்தாள். ஏழு நிமிஷம் முடிவதற்குள் கையை உயர்த்திவிட்டாள்.

"வேண்டாம். அவங்களைக் கூப்பிடுங்க."

"சின்யோரா, நல்லாத்தான் இருக்கு. நிஜமா."

"நல்லா இருக்கு. பொருந்தல."

மனியேரோ கதவுப் பக்கம் திரும்பினான். "அழிக்கச் சொல்ல மாட்டேன். இருக்கட்டும். அவங்களால முடியலைன்னா இதுதான்" என்றான். கதவு வரை அவன் போவதற்குள் அவளுக்கு மனம் மாறிவிட்டது. என்ன காரியம் செய்தாய். கையில் வந்ததைக் கொடுத்துவிட்டாயே, யாருக்கு, எதற்கு. கூப்பிட்டு, சும்மா சொன்னேன் என்று சொல்லலாம். வாயைத் திறந்தாள். அதற்குள் லொரெதானா வந்துவிட்டாள்.

லொரெதானா ஒலிவாங்கியைத் தடவிக் கண்டுபிடித்தாள். மனியேரோ கண்ணாடிக்கு அப்பால் போனதும் கறுப்புக் கண்ணாடியைக் கழற்றினாள். கண்கள் பாலாடை படிந்தமாதிரி இருந்தன. "எனக்குத் திரை தெரியல" என்றாள், ஒலிவாங்கியை உள்ளங்கையால் மூடிக்கொண்டு, குரலைத் தாழ்த்தி. "வெளிச்சம்னு தெரியுது, முகம் தெரியல. அவன்கிட்ட சொல்லல, சொன்னா வீட்டுக்கு அனுப்பிடுவான். பேச்சு பூரா மனப்பாடம். வாய் எப்பத் திறக்குதுன்னு மட்டும்தான் தெரியணும். பின்னாடி நில்லு. திறக்கறப்ப தோள்ல விரலை வை, மூடறப்ப எடு." செலஸ்தீன் நகரவில்லை. "மாட்டேன்னா சொல்லிடு" என்றாள் லொரெதானா, "கெஞ்ச மாட்டேன்." செலஸ்தீன் பின்னால் போய் நின்றாள். கம்பளிச் சட்டைக்குள் தோள்பட்டை எலும்பு கோழிச் சிறகு மாதிரி இருந்தது. திரை எரிந்தது. விரலை வைத்தாள், அந்தக் குரல் புறப்பட்டது. எடுத்தாள், நின்றது. வைத்தாள், எடுத்தாள். எந்த இடத்தில் எந்த எண் என்று விரலுக்குத் தெரிந்திருந்தது, நாற்பத்தொன்று, நாற்பத்திரண்டு, ஒரு தடுமாற்றமும் இல்லை. விரல் வழியாகத் தன் வாய் இன்னொருத்தியின் உடம்புக்குள் இறங்கிப் போவது தெரிந்தது. கொலைகாரன் காலில் விழுந்தான். இந்த இடம்தான். கண் இமைக்கிற நேரம் பிந்தினால் போதும். வரி உதட்டில் உட்காராது. இன்னொரு தடவை எடுப்பார்கள், அதிலும் பிந்தலாம், மூன்றாவதிலும் பிந்தலாம். எண்பத்திரண்டு வயது, பாவம், முடியவில்லை என்று மனியேரோ அன்போடு சொல்லுவான். அந்தப் பக்கம் பெட்டியில் தான் முதலில் பேசியது அழியாமல் இருக்கிறது. யாருக்கும் தெரியாது, இந்தக் குருட்டுக் கிழவிக்குக்கூட நிச்சயமாகத் தெரியாது. விரல் தோளுக்கு மேலே நின்றது. திரையில் அந்தப் பெண் நிமிர்ந்து பார்த்தாள், உதட்டைப் பிரித்தாள், உள்ளே ஒன்றுமில்லாமல் கறுப்பாக இருந்தது. இப்படித்தான் இவளை நிற்க வைத்துவிட்டு எல்லாரும் போய்விட்டார்கள், வாயைத் திறந்தபடி. நானுமா. விரலை வைத்தாள்.

வரி வந்தது. மூன்று இடத்திலும் ஒட்டியது. அதற்குப் பிறகு இரண்டு நிமிஷம், குதிரைகள், மணல், முடிவு. விளக்குப் போட்டார்கள். ஒலிபெருக்கியில் மனியேரோவின் குரல் உடைந்து வந்தது. "பிரமாதம் லொரெதானா அம்மா. ஒரே தடவையில. பிரமாதம்." ஒலிப்பதிவாளர் கண்ணாடிக்கு அப்பால் எழுந்து நின்று கைதட்டினார். சத்தம் இந்தப் பக்கம் கேட்கவில்லை, கைகள் மட்டும் அசைந்தன. லொரெதானா அவர்கள் எந்தப் பக்கம் இருக்கிறார்கள் என்று தெரியாமல் பொதுவாக ஒரு பக்கம் பார்த்துத் தலை குனிந்தாள். பிறகு கறுப்புக் கண்ணாடியை மாட்டிக்கொண்டு, வலது கையை நீட்டி செலஸ்தீனின் முழங்கையைப் பிடித்துக்கொண்டாள்.

"எப்படி இருந்துச்சு?" என்று கேட்டாள்.

செலஸ்தீன் திரையைப் பார்த்தாள். வெறும் துணி.

"அவளை மாதிரியே இருந்துச்சு" என்றாள்.